பேச்சியின் டோக்கன்

முத்துப்பேச்சி பொய் சொன்னவள் இல்லை. இத்தனை வாரமாக அவள் பின்னாலேயே வந்துகொண்டிருப்பவர்களுக்கு அது தெரியும். இன்றைக்குத்தான் உள்ளே நுழைகிறவர்களுக்கு ஒரு வார்த்தை: அவள் சொல்லவில்லை, அவ்வளவுதான். பொய் சொல்வதும் சொல்லாமல் இருப்பதும் ஒன்றா என்று பட்டிமன்றம் வைக்க இப்போது நேரமில்லை. குருசாமி வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு வாசலில் நிற்கிறான். ஆட்டோக்காரன் ஹாரன் மேல் ஹாரன் அடிக்கிறான்.

"ஏ பேச்சி, கிளம்பிட்டியா இல்லையா? டாக்டர் நமக்காக உக்காந்திருப்பாரு."

"வாரேன். கொஞ்சம் மூச்சு வாங்கிட்டு வாரேன்."

மூச்சு வாங்குவது இப்போது அவளுக்கு ஒரு வேலை. கருப்பைவாயில் தொடங்கிய புற்று நுரையீரல் வரை போய்விட்டது. கோயம்புத்தூர் பெரிய ஆஸ்பத்திரியில் கையை விரித்துவிட்டார்கள். இனிமேல் வலி தெரியாமல் பார்த்துக்கொள்ளலாம், வேறொன்றும் செய்வதற்கில்லை என்று சொல்லிவிட்டார்கள். அதைக் கேட்டு அழ வேண்டிய அழுகையை எல்லாம் இந்த வீடு அழுது முடித்தாயிற்று.

மகள் ஜோதிகா வந்து அம்மாவின் தோளில் கை கொடுத்தாள். வெளிநாட்டுக் கம்பெனிகளுக்குப் பனியன் வாங்கி அனுப்பும் பையிங் ஆபீஸ் ஒன்றில் வேலை பார்ப்பவள். இன்றைக்கு லீவு போட்டிருந்தாள்.

"மெதுவா எந்திரிங்கம்மா. அப்பா கத்தினா கத்தட்டும்."

"அவுக கத்தல. சந்தோசத்துல இருக்காக."

சந்தோசம்தான். போன வாரம் ஆஸ்பத்திரியிலிருந்து வந்த போனை வைத்ததிலிருந்து குருசாமி தூங்கவில்லை. 'குடும்பத்தோட வாங்க, முக்கியமான விஷயம் பேசணும்' என்று கூப்பிட்டிருந்தார்கள். கூப்பிட்டது கோயம்புத்தூர் ஆஸ்பத்திரி இல்லை, இது வேறே. மூன்று வருடத்துக்கு முன்னால் முத்துப்பேச்சி வேலை பார்த்த பனியன் கம்பெனிக்குள் வந்து பெண்களுக்குக் கேன்சர் பரிசோதனை கேம்ப் போட்டார்களே, அந்தத் தனியார் ஆஸ்பத்திரி. அந்தக் கேம்ப்பில் 'முத்துப்பேச்சி, நார்மல்' என்று கொடுத்த சீட்டை நம்பித்தான், பிறகு ரத்தப்போக்கு வந்தபோதும் அது ஒன்றுமில்லை, மாதவிடாய் நிற்கிற வயசு என்று மாத்திரை வாங்கிப் போட்டுக்கொண்டிருந்தார்கள்.

சாயப்பட்டறையில் வேலை பார்க்கும் குருசாமி எட்டு மாதமாக அந்த ஆஸ்பத்திரியோடு மல்லுக்கட்டுகிறான். கலெக்டர் ஆபீஸில் மனு கொடுத்தான், யூனியன் ஆபீஸில் போய் உட்கார்ந்தான். முதல் தடவை ஆஸ்பத்திரிக்குப் போனபோது கவுண்டரில் இருந்த ஒருவன், 'உங்க வீட்டம்மா அப்புறமும் வந்து காட்டியிருக்கணும், அவங்க அஜாக்கிரதை' என்று சொல்லிவிட்டான். அந்த ஒரு சொல் குருசாமியின் நெஞ்சில் தைத்துவிட்டது. பெண்டாட்டி சாகப்போகிறாள் என்பதைக்கூட அவன் தாங்கிக்கொண்டான். அவள் மேல் பழி போட்டதைத் தாங்க முடியவில்லை.

இவ்வளவும் குருசாமிக்குத் தெரிந்த கதை. அவனுக்குத் தெரியாததும் ஒன்று உண்டு.

முத்துப்பேச்சி அந்தப் பரிசோதனை மேஜையில் ஏறவே இல்லை.

கேம்ப் நடந்த அன்றைக்கு அவள் மாரியம்மனுக்குக் காப்புக் கட்டியிருந்தாள். அந்த வாரம் அக்கினிச்சட்டி எடுக்க வேண்டும். மஞ்சள் கயிறு மணிக்கட்டில் இருக்கும்போது அந்த மேஜையில் ஏறிக் காலை விரித்துப் படுப்பதா? அவளுக்கு உடம்பே கூசியது. வேறு நாள் கொடுங்கள் என்று கேட்டால், சூப்பர்வைசர் அருள்செல்வன் குதித்தான். துணி வாங்குகிற வெளிநாட்டுப் பையர் கேம்ப் கணக்கைப் பார்க்க வருகிறான், அத்தனை டோக்கனும் திரும்பி வந்தாக வேண்டும், டோக்கன் கொடுக்காதவர்கள் லைனுக்குள் வரவே வேண்டாம் என்று கத்தினான். அன்றைக்கு ஷிப்மென்ட் வேறு. முத்துப்பேச்சி தன் பேர் எழுதிய டோக்கனைப் பக்கத்து மெஷினில் இருந்த ஓரகத்தி விஜயகுமாரியிடம் நீட்டினாள். குருசாமியின் தம்பி முனீஸின் பெண்டாட்டி அவள்.

"ஏட்டி, எனக்கும் சேத்து நீயே போயிட்டு வந்துரு."

போய்விட்டு வந்தேன் என்றுதான் விஜயகுமாரி சொன்னாள். இரண்டு பேருக்கும் நார்மல் என்று சீட்டு வந்தது.

சீட்டில் தன் பேர் இருந்ததால், பாருங்கள், முத்துப்பேச்சிக்கே பாதி நம்பிக்கை வந்துவிட்டது. அடிவயிறு வலித்த நாட்களில்கூட, நமக்குத்தான் நார்மல் என்று சொல்லியிருக்கிறார்களே என்று நினைத்துக்கொண்டாள். சொல்லியிருப்பது தனக்கு இல்லை என்பது தெரிந்தும் நினைத்துக்கொண்டாள். மனிதர்கள் இப்படித்தான் இருக்கிறார்கள், என்ன செய்வது?

இன்றைக்கு ஆஸ்பத்திரிக்குக் கிளம்பும்போது அவள் ஒரு கணக்குப் போட்டிருந்தாள். 'கேம்ப்பில் கண்ணாடித் துண்டில் தடவி எடுத்த பழைய ஸ்லைடைத் திரும்பப் பார்த்தோம், அது நார்மல்தான், எங்கள் மேல் தப்பில்லை' என்று அவர்கள் சொல்வார்கள். வீட்டுக்காரர் வந்து இரண்டு நாள் கத்துவார். அப்புறம் ஓய்ந்துவிடுவார். தானும் நிம்மதியாகக் கண்ணை மூடிக்கொள்ளலாம்.

நினைத்தபடி நடந்தால் அப்புறம் என்ன கதை?

டாக்டர் சிவசுப்பிரமணியம் தன் நாற்காலியை விட்டு எழுந்து மேஜையைச் சுற்றி வந்தார். ஒரு ஸ்டூலை இழுத்துப் போட்டு அவர்களுக்கு நேரே உட்கார்ந்தார். கேம்ப் பொறுப்பாளராக இருந்த நர்ஸ் சித்ராதேவி சுவரோரம் நின்றாள். ஒரு டாக்டர் இப்படி இறங்கி வந்து உட்காருவதைப் பார்த்ததும் குருசாமிக்குச் சண்டை போடுவதற்கு வைத்திருந்த வார்த்தையெல்லாம் மறந்துபோயிற்று.

"நேரா விஷயத்துக்கு வந்தர்றனுங்க," என்றார் டாக்டர். "அன்னிக்கு உங்க கம்பெனியில எடுத்த எல்லா ஸ்லைடையும் வெளியில ஒரு லேபுக்கு அனுப்பித் திரும்பப் பாக்கச் சொன்னோம். ரெண்டு ஸ்லைடு நாங்க தப்பாப் பாத்திருக்கோம். நார்மல்னு எழுதினது நார்மல் இல்லைங்க."

"ரெண்டா?" என்றான் குருசாமி.

டாக்டர் தயங்கினார். சித்ராதேவிதான் மெல்லச் சொன்னாள். "ஒண்ணு உங்க செக்கிங் செக்‌ஷன் ஒச்சம்மா அக்காவுதுங்க."

ஒச்சம்மாள் போன தை மாதம் இறந்துபோனாள். அவளுக்கும் வயிற்றில் கட்டி என்றுதான் சொன்னார்கள்.

"இன்னொண்ணு உங்களுதுங்கம்மா," என்று டாக்டர் முத்துப்பேச்சியைப் பார்த்தார். "அப்பவே அதுல மாற்றம் தெரிஞ்சிருக்குது. அப்பவே கூப்பிட்டுச் சின்னதா வைத்தியம் பண்ணியிருந்தா இவ்வளவு தூரம் வந்திருக்காது. தப்பு எங்க மேலதானுங்க. மன்னிக்கோணும்."



 குருசாமி ஒரே ஒரு கேள்வி கேட்டான். "அப்ப... என் வீட்டுக்காரி மேல ஒரு தப்பும் இல்லையில்லங்க?"

"இல்லீங்க. அவங்க மேல ஒரு தப்பும் இல்லீங்க. அதை எழுத்துலயே குடுத்தர்றோம். இனி வைத்தியமும் எங்க பொறுப்பு. திங்கக்கிழமை வந்து ஒரு கையெழுத்துப் போட்டாப் போதுமுங்க."

எட்டு மாதமாக அடக்கி வைத்திருந்ததெல்லாம் உடைந்தது. வெள்ளைச் சட்டையின் கையாலேயே கண்ணைத் துடைத்துக்கொண்டு குருசாமி குலுங்கிக் குலுங்கி அழுதான். ஜோதிகாவும் அழுதாள். முத்துப்பேச்சி மட்டும் அழவில்லை. என்னடா இது என்று அவள் விழித்தாள்.

அவர்கள் சொல்லும் ஸ்லைடு தன்னுடையது இல்லை. அது ஓரகத்தி விஜயாவுடையது. கெட்டது இருந்தது விஜயாவின் உடம்பில். இதோ, மூன்று வருடமாக அவள் அதைச் சுமந்துகொண்டு சோறாக்கி, துணி துவைத்து, பஸ் ஏறிப் போய் வந்துகொண்டிருக்கிறாள். அப்படியானால் தனக்கு வந்தது? அது தானாக வந்தது. இரண்டு பேருக்கும் ஒரே நோயா? இருக்குமா? 

"டாக்டர், நான்..."

"சொல்லுங்கம்மா."

குருசாமி அவள் கையைப் பிடித்துக்கொண்டான். "கேட்டியா பேச்சி? உன் மேல தப்பில்லங்காக. கேட்டியா?"

அவன் முகத்தைப் பார்த்தாள். கல்யாணத்தன்றுகூட இப்படி ஒரு முகத்தை அவள் பார்த்ததில்லை.

"தண்ணி," என்றாள் முத்துப்பேச்சி.

அடிப் பாவி மகளே, அங்கேயே போட்டு உடைத்திருக்கக் கூடாதா என்று நீங்கள் பல்லைக் கடிப்பது எனக்குக் கேட்கிறது. கடியுங்கள். அந்த முகத்தை எதிரில் வைத்துக்கொண்டு நீங்கள் சொல்லிவிடுவீர்களா? எனக்குச் சந்தேகம்தான்.

வெளியே வராந்தாவில் சித்ராதேவி தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள். குருசாமி போனை எடுத்து யாருக்கோ விஷயத்தைச் சொல்லிக்கொண்டே படியிறங்கிப் போனான்.

"மெதுவாக் குடிங்க்கா. அவசரமில்லீங்க."

"நர்சம்மா, ஒண்ணு கேக்கணும். என் ஓரகத்தியும் அன்னைக்கு அங்கதான் வேலை பாத்தா. விஜயகுமாரின்னு பேரு. எல்லாரோடதும் திரும்பப் பாத்தாச்சுன்னு சொன்னீகளே, அவ ஸ்லைடு எப்பிடி இருக்கு?"

"மத்தவிங்க ரிப்போர்ட்டைச் சொல்லக் கூடாதுங்க்கா." சித்ராதேவி அக்கம்பக்கம் பார்த்தாள். அந்த மெலிந்த முகத்துக்கு இல்லை என்று சொல்ல அவளுக்கு மனசு வரவில்லை. "அவங்களுது சுத்தமா இருக்குதுங்க. ரிப்போர்ட்டை நானே ரெண்டு தடவை பாத்தேன். ஒரு குறையும் இல்லீங்க. ஏனுங்க்கா கேக்கறீங்க?"

முத்துப்பேச்சிக்குத் தண்ணீர் புரையேறியது.

இரண்டு ஸ்லைடும் விஜயாவினுடையது. ஒரே நாள், ஒரே மேஜை, ஒரே உடம்பு. ஒன்று சுத்தமாம், ஒன்று கெட்டதாம். அது எப்படி? ஒரே ரோல் துணியில் பக்கத்துப் பக்கத்தில் வெட்டிய துண்டில்கூட ஒன்றில் ஓட்டை இருக்கும், ஒன்றில் இருக்காது. அந்த மாதிரியா? இல்லை, திரும்பப் பார்த்ததிலும் தப்பாகப் பார்த்துத் தொலைத்துவிட்டார்களா? விஜயா தப்பித்தாளா, மாட்டிக்கொண்டாளா? ஒன்றும் விளங்கவில்லை. கேட்கலாம் என்றால், கேட்பதற்கே முதலில் உண்மையைச் சொல்ல வேண்டும்.

"அம்மா, என்னாச்சு? அந்த ரூம்ல இருந்தே நீங்க சரியில்ல," என்றாள் ஜோதிகா.

"வீட்டுக்குப் போவம்."

யூனியன்காரர் பாண்டித்துரை கேட்டுக்கு வெளியே பைக்கோடு காத்திருந்தார். குருசாமி அவரைக் கட்டிப்பிடித்துக்கொண்டான். ஆபீஸுக்குப் போய் எல்லோருக்கும் சொல்லிவிட்டு வருகிறேன், நீங்கள் ஆட்டோவில் போங்கள் என்று பைக்கின் பின்னால் ஏறினான். போகும்போது திரும்பிப் பார்த்துக் கையைக் காட்டினான், சின்னப் பையன் மாதிரி.

ஆட்டோ புஷ்பா தியேட்டர் பக்கம் திரும்பி நெரிசலில் நின்றபோது முத்துப்பேச்சி சொல்லிவிட்டாள். சுற்றி வளைக்கவில்லை. காப்பு, டோக்கன், விஜயா, எல்லாம்.

ஜோதிகாவுக்கு முதலில் புரியவில்லை. "நீங்க அந்த மேஜையில ஏறவே இல்லையா?"

"இல்ல."

"அப்ப அப்பா எட்டு மாசமா யாருக்காகம்மா அலைஞ்சாரு?"

முத்துப்பேச்சி மணிக்கட்டைத் தடவிக்கொண்டாள்.

"காப்புக் கட்டியிருக்கேன், வேற நாள் ஆஸ்பத்திரிக்கே வந்து பாத்துக்கறேன்னு சொல்லியிருந்தா என்னங்கம்மா? மாரியாத்தா வேண்டாம்னா சொன்னா?"

"அவ ஒண்ணும் சொல்லல. நானாத்தான் சொல்லிக்கிட்டேன்."

"அப்புறமாவது? ரத்தம் வந்தப்பவாவது?"

"பயம்ட்டீ. நார்மல்னு இருக்கது பொய்யின்னு சொன்னா, திரும்பப் பாப்பாக. பாத்தா என்ன வருமோன்னு பயம். அந்தச் சீட்டு வீட்டுல இருக்க வரைக்கும் எனக்கு ஒண்ணுமில்லன்னு இருந்துட்டேன்."

ஜோதிகா தெருப்பக்கம் திரும்பிக்கொண்டாள். கோபமா, அழுகையா, அவளுக்கே தெரியவில்லை. அம்மாவைப் பிடித்து உலுக்க வேண்டும் போலவும் இருந்தது, மடியில் போட்டுக்கொள்ள வேண்டும் போலவும் இருந்தது.

கொஞ்சதூரம் போனபிறகு தணிந்த குரலில் சொன்னாள். "இங்க பாருங்கம்மா. அவங்க தப்புப் பண்ணதும் நெசம்தான். ஒச்சம்மா பெரியம்மா செத்ததும் நெசம்தான். திங்கக்கிழமை போய்க் கையெழுத்தப் போடுங்க. வாயத் தொறக்காதீங்க. அப்பா இதைத் தாங்க மாட்டாரு."

"நானும் அப்பிடித்தான் நெனைச்சேன். ஆனா உன் சித்தி?"

"சித்தியோடது சுத்தமா இருக்குன்னு நர்ஸ் சொல்லிட்டாங்கல்ல?"

"என் பேருல உள்ளதும் உன் சித்தியோடதுதான. அது கெட்டதுன்னு டாக்டர் சொல்லுதாரே. எதை நம்ப?"

 ஜோதிகா அம்மாவை ஒரு தடவை பார்த்தாள். பிறகு ஆட்டோக்காரர் பக்கம் குனிந்தாள்.

"அண்ணா, நெருப்பெரிச்சல் வீட்டுக்கு வேண்டாங்க. அவிநாசிக்கு விடுங்க."

விஜயகுமாரி இந்த எட்டு மாதத்தில் ஒரு தடவைகூட முத்துப்பேச்சியைப் பார்க்க வரவில்லை. அக்காவுக்கு இப்படி என்று தெரிந்த வாரத்திலேயே நெருப்பெரிச்சல் வீட்டைக் காலி செய்துகொண்டு முனீஸோடு அவிநாசிக்குப் போய்விட்டாள். தம்பி மட்டும் வந்து தலைகுனிந்து உட்கார்ந்துவிட்டுப் போவான். 'அவ என் வாசப்படி மிதிக்கக் கூடாது, சாவுக்குக்கூட வரக் கூடாது' என்று குருசாமி சத்தம் போட்டிருக்கிறான். முத்துப்பேச்சி மட்டும் ஒரு வார்த்தை ஏசியதில்லை. தன் ரகசியத்தில் பாதியைச் சுமப்பவளை எப்படி ஏசுவது?

அவிநாசி வீட்டு வாசலில் கலர் கலராகப் பனியன் குவிந்து கிடந்தது. விஜயகுமாரி நடுவில் உட்கார்ந்து பிசிறு வெட்டிக்கொண்டிருந்தாள். ஆட்டோவிலிருந்து இறங்கியவளை முதலில் அவளுக்கு அடையாளம் தெரியவில்லை. தெரிந்ததும் மடியிலிருந்த நூல் பிசிறெல்லாம் கொட்ட எழுந்து நின்றாள்.

"அக்கா..."

"உள்ள கூப்பிட மாட்டியா?"

"ஐயோ, வாங்கக்கா. வா ஜோதி." ஓடிப்போய்ப் பாயை விரித்தாள், தலையணையைச் சுவரில் சாய்த்து வைத்தாள். அக்காவின் கையைத் தொட்டாள். எலும்பைத் தொட்டதுபோல இருந்திருக்க வேண்டும். சட்டென்று கையை எடுத்துக்கொண்டு முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

"அழாதட்டி. அழ நேரமில்ல. உனக்கு அடிவயித்துல வலி ஏதும் இருக்கா?"

"எனக்கா? இல்லையேக்கா."

"ரத்தம் கித்தம் தள்ளுதா? எடை குறையுதா?"

"ஒண்ணுமில்லக்கா. எதுக்குக் கேக்கீக?"

முத்துப்பேச்சிக்கு மூச்சு வாங்கியது. ஜோதிகாதான் சொன்னாள், டாக்டர் சொன்னது முழுவதையும். அம்மா பேரில் உள்ள ஸ்லைடு கெட்டது, அப்போதே கெட்டது என்று.

"அது நீங்க குடுத்ததுதான சித்தி? நாளைக்கே நம்ம போய்ப் பாத்தர்லாம். நான் கூட வர்றேன். சீக்கிரம் பாத்தாச் சரி பண்ணிரலாமாம்."

விஜயகுமாரியின் முகத்தில் பயம் வரும் என்றுதான் இரண்டு பேரும் எதிர்பார்த்தார்கள். வந்தது பயம் இல்லை. அவள் மெல்லச் சரிந்து முத்துப்பேச்சியின் காலடியில் உட்கார்ந்தாள்.

"அக்கா, என்னைய அடிங்க. செருப்பைக் கழட்டி அடிங்க."

"என்னட்டி சொல்லுத?"

"அது நான் இல்லக்கா."

"பின்ன?"

"ஒரு தடவைதான் நான் போனேன். உயிரே போச்சு. வலியும் வெக்கமும். என்னமோ இரும்பை உள்ள விட்டாகக்கா. அழுதுக்கிட்டே வெளிய வந்தேன், கையில உங்க டோக்கன் இருக்கு. திரும்ப அந்த மேஜையில ஏற எனக்குக் காலு வரல. அருள்செல்வன் அங்க நின்னு கத்துதான். பசந்தி பக்கத்துல நின்னுச்சு."

"எந்தப் பசந்தி?"

"அந்த ஒடிசாப் புள்ளக்கா. நம்ம லைன்ல பண்டல் கட்டுமே, ஹாஸ்டல்ல இருந்து வருமே. காண்ட்ராக்ட் ஆளுன்னு அதுகளுக்கெல்லாம் டோக்கனே குடுக்கல. அந்தப் புள்ள எப்பவும் அடிவயித்தப் புடிச்சுக்கிட்டே இருக்கும். டாக்டரம்மா பாக்காகன்னு தெரிஞ்சதும், 'தீதி, நானு போறேன், நானு போறேன்'னு கெஞ்சுச்சு. அது பாஷையில தீதின்னா அக்கா. எனக்கும் சௌரியமாப் போச்சு. உங்க டோக்கனை அது கையில குடுத்து அனுப்பிட்டேன்."

 முத்துப்பேச்சிக்குக் கேம்ப் நாளிலிருந்து காதுக்குள் விடாமல் கேட்டுக்கொண்டிருந்த மெஷின் சத்தம் ஒரேயடியாக நின்றதுபோல இருந்தது. சுத்தமானது விஜயாவினுடையது, கெட்டது பசந்தியினுடையது. ஆஸ்பத்திரிக்காரர்கள் இந்தத் தடவை சரியாகத்தான் பார்த்திருக்கிறார்கள். விஜயா பிழைத்தாள்.

"நீங்க படுத்ததும் எனக்குக் குலை நடுங்கிருச்சுக்கா. நான் செஞ்ச கோளாறுலதான் இப்பிடி ஆச்சோ, என்ன ஏதுன்னு ஒண்ணும் விளங்கல. உங்க மூஞ்சியில முழிக்க முடியாமத்தான் இங்க ஓடி வந்தேன்."

"அத விடு. நான் போகாததுக்கு நீ என்ன செய்வ?" முத்துப்பேச்சி அவள் தலையைத் தொட்டாள். "அந்தப் புள்ளைக்கு ரிசல்ட்டு சொன்னியா?"

விஜயகுமாரி நிமிரவில்லை.

"கேக்கேன்ல?"

"ரிசல்ட்டு வந்த அன்னைக்கு ஓடி வந்து கேட்டுச்சுக்கா. 'தீதி, டாக்டர் கியா போலா?', டாக்டர் என்ன சொன்னாகன்னு. உங்க சீட்டப் பாத்துட்டு, உனக்கு ஒண்ணுமில்ல, எல்லாம் நல்லாருக்குன்னு சொன்னேன். அம்புட்டுச் சந்தோசம் அதுக்கு. என் டிபன்ல இருந்த புளியோதரையப் பாதி குடுத்தேன். சிரிச்சுக்கிட்டே தின்னுச்சு."

வாசலில் எவனோ பனியன் மூட்டை கேட்டுக் குரல் கொடுத்தான். யாரும் எழுந்து போகவில்லை.

"இப்ப எங்க இருக்கு?"

"தெரியலக்கா. கம்பெனிய விட்டு நின்னுருச்சு. பொங்கலூர்ப் பக்கம் ஏதோ நூல் மில்லுக்குப் போயிருச்சுன்னு பேசிக்கிட்டாக. கல்யாணம் முடிஞ்சு கைப்புள்ள இருக்குன்னும் சொன்னாக. பழைய நம்பருக்கு அடிச்சா எடுக்க மாட்டேங்குது."

முத்துப்பேச்சி கண்ணை மூடி அந்தப் பெண்ணின் முகத்தை நினைத்துப் பார்த்தாள். வரவில்லை. ஒரே லைனில் எத்தனையோ நாள் இருந்திருக்கிறாள். பண்டலைக் கட்டித் தன் மெஷின் மேல் வைக்கும் இரண்டு கைகள் மட்டும்தான் வந்தன. கறுப்பு வளையல் போட்ட சின்னக் கைகள். தன் மகள் வயசுதான் இருக்கும். முகத்தை ஒரு நாளும் நிமிர்ந்து பார்க்கவில்லையா நாம் என்று அவளுக்கு வெட்கமாக இருந்தது.

ஜோதிகா கையில் இருந்த அம்மாவின் போன் அடித்தது. குருசாமி.

ஜோதிகா வேகமாகத் தலையை ஆட்டினாள். வேண்டாம், இப்போது வேண்டாம், சொல்லாதீர்கள் என்று சத்தமில்லாமல் உதட்டை அசைத்தாள். முத்துப்பேச்சி போனை வாங்கிக் காதில் வைத்தாள்.

"பேச்சி! எங்க இருக்க? பாண்டித்துரை அண்ணன் எல்லாருக்கும் டீ சொல்லிட்டாரு. ஒருத்தன் பாக்கியில்லாம வந்து என் கையப் புடிச்சுட்டுப் போறான். உன் வீட்டம்மா மேல ஒரு தப்பும் இல்லன்னு பெரிய டாக்டரே சொல்லிட்டாராமேன்னு கேக்கான். நம்ம ஜெயிச்சுட்டம் பேச்சி."

பின்னால் நாலைந்து பேர் பேசிச் சிரிக்கும் சத்தம் கேட்டது. எட்டு மாதத்துக்குப் பிறகு அவனும் சிரித்தான். அந்தச் சிரிப்பு நிற்கும்வரை அவள் கேட்டுக்கொண்டிருந்தாள். கண்ணீர் வழிந்தது. துடைக்கவில்லை.

"ஏங்க, அந்த டீயக் குடிச்சிட்டு வாங்க. நான் விஜயா வீட்டுல இருக்கேன்."

"அவ வீட்டுலயா? அங்க உனக்கு என்ன சோலி?"

"வந்து கூட்டிக்கிட்டுப் போங்க. பொங்கலூருக்குப் போகணும். ஒரு புள்ளையத் தேடணும்."

"என்ன புள்ள? மாத்திரை போட்டியா நீ? என்ன பேசுதன்னே விளங்கலையே."

"டாக்டர் இன்னைக்கு என்கிட்ட மன்னிப்புக் கேட்டாருல்லங்க," என்றாள் முத்துப்பேச்சி. ஒவ்வொரு சொல்லுக்கும் மூச்சு தேவைப்பட்டது. "அது எனக்கு உள்ளது இல்ல. அது அந்தப் புள்ளைக்கு உள்ளது. என் பேரு போட்டிருந்ததால நான் வாங்கிட்டு வந்துட்டேன்."

குருசாமி தன் டீ கிளாஸைக் கீழே வைக்கிற சத்தம் போனில் கேட்டது.